அந்தக் காலத்து மனிதர்

மருந்தியல் வகுப்பில் கலபார் கொட்டையின் கதையைக் கேட்காத மருத்துவ மாணவி அநேகமாக இருக்க மாட்டாள். மேற்கு ஆப்பிரிக்காவின் கலபார் பகுதியில், ஒருவர் குற்றவாளியா இல்லையா என்று தீர்மானிக்க ஒரு விதையைத் தின்னக் கொடுப்பார்கள். வாந்தியெடுத்துப் பிழைத்தால் நிரபராதி. செத்தால் குற்றவாளி. அந்த விதை உடம்பில் என்ன செய்கிறது என்று தெரிந்துகொள்ள 1855இல் எடின்பரோ பல்கலைக்கழகப் பேராசிரியர் ஒருவர் தாமே அதில் ஒரு துண்டைத் தின்று பார்த்தார். தலை சுற்றி உடம்பு ஓயத் தொடங்கியதும், முகம் மழித்துவிட்டு வைத்திருந்த சோப்புத் தண்ணீரை எடுத்துக் குடித்து, வாந்தியெடுத்துப் பிழைத்துக்கொண்டார். அந்த விதையிலிருந்துதான் பின்னாளில் பைசோஸ்டிக்மின் கிடைத்தது. இன்றும் அது மருந்துப் பட்டியலில் இருக்கிறது.

எங்கள் வகுப்பில் இந்தக் கதையைச் சொன்ன ஆசிரியர், “அறிவியல்னா இப்படி இருக்கணும்” என்றார். கைதட்டினோம். அந்தப் பேராசிரியரின் பெயர் சர் ராபர்ட் கிறிஸ்டிசன். அதே ஆசிரியர், மேற்படிப்புக்கு அறுவைச் சிகிச்சை எடுக்கப் போகிறேன் என்று நான் சொன்னபோது, “வேண்டாம்மா, கைனக் எடு, குடும்பத்துக்கு ஒத்துவரும்” என்றார். இந்த இரண்டு வாக்கியங்களுக்கும் உறவு உண்டு என்பது எனக்குப் புரியப் பல வருடங்கள் ஆயின.

கிறிஸ்டிசனின் வாழ்க்கைக் குறிப்பு, பார்த்தால் மலைப்பூட்டும். 1797இல் எடின்பரோவில் பிறந்தார். அப்பா அதே பல்கலைக்கழகத்தில் லத்தீன் பேராசிரியர். 1819இல் மருத்துவப் பட்டம். பிறகு லண்டன், பாரிஸ். நச்சியலின் தந்தை எனப்படும் ஓர்ஃபிலாவின் வகுப்புகளில் உட்கார்ந்தார். 1822இல் சட்ட மருத்துவப் பேராசிரியர். வயது 24! 1829இல் நஞ்சுகளைப் பற்றிய பெரிய நூல். 1832 முதல் 1877 வரை மருந்துப் பொருளியல் பேராசிரியர். எடின்பரோ மருத்துவர் கல்லூரிக்கு இரண்டு முறை தலைவர். எடின்பரோ ராயல் சொசைட்டியின் தலைவர். ஸ்காட்லாந்தில் விக்டோரியா மகாராணியின் மருத்துவர். 1871இல் பாரனெட் பட்டம். 1875இல் பிரிட்டிஷ் மருத்துவச் சங்கத் தலைவர். எழுபது வயதைத் தாண்டியும் கொக்கா இலையை மென்றுகொண்டு மலையேறிப் பார்த்து அதையும் கட்டுரையாக எழுதினார். 55 ஆண்டுகள் பேராசிரியர். 1882இல் மறைவு. அவருடைய வாழ்க்கைக் கதையை அவர் பிள்ளைகளே பதிப்பித்து இரண்டு பாகங்களாக வெளியிட்டார்கள்.

இதில் எதுவும் பொய் இல்லை. அவருடைய அறிவைக் குறைத்துச் சொல்லவும் நான் வரவில்லை. சொல்லப்போனால், அவர் எவ்வளவு நல்ல விஞ்ஞானி என்பதை வைத்துத்தான் என் வழக்கே நிற்கிறது.

1828. எடின்பரோவில் பர்க், ஹேர் என்ற இருவர் ஏழைகளைக் கொன்று, உடல்களை உடற்கூறியல் பள்ளி ஒன்றுக்கு விற்றுவந்தார்கள். மொத்தம் 16 கொலைகள். செத்தவர்களில் பெரும்பாலோர் பெண்கள். கடைசியாகக் கொல்லப்பட்டவள் மகனைத் தேடி அயர்லாந்திலிருந்து வந்த ஒரு வயதான பெண். அவளுடைய உடலைப் பரிசோதித்தவர்களில் கிறிஸ்டிசனும் ஒருவர். உடம்பில் காயங்கள் இருந்தன. உயிரோடு இருந்தபோது பட்டவையா, செத்தபிறகு உடலை மடக்கித் திணித்ததில் ஏற்பட்டவையா? வேறு யாராக இருந்தாலும் ஊகத்தில் ஒன்றைச் சொல்லிவிட்டுப் போயிருப்பார்கள். இவர் பிணங்களை அடித்துப் பார்த்துச் சோதனை செய்தார். நீதிமன்றத்தில், வன்முறையால் இறந்திருக்க வாய்ப்பு அதிகம் என்ற அளவில் நின்றார். ஊரே பர்க்கைத் தூக்கில் பார்க்கத் துடித்துக்கொண்டிருந்தபோதும், சான்று போகும் தூரத்துக்கு மேல் ஓர் அடிகூட அவர் போகவில்லை. தடயவியல் படிக்கிறவர்கள் இதற்காகவே அவரை மதிக்கலாம்.

நாற்பது வருடங்கள் கழித்து அதே மனிதரின் முன்னால் இன்னொரு கேள்வி வந்தது. பெண்களால் மருத்துவம் படிக்க முடியுமா? இந்தக் கேள்விக்கு மட்டும் அவருக்குச் சான்று எதுவும் தேவைப்படவில்லை.

1869 மார்ச்சில் சோஃபியா ஜெக்ஸ்-பிளேக் என்ற பெண் எடின்பரோ பல்கலைக்கழகத்துக்கு விண்ணப்பித்தாள். மருத்துவப் புலம் ஒப்புக்கொண்டது. செனட்டும் ஒப்புக்கொண்டது. அதற்கு மேல் இருந்த ஆட்சிமன்றம் மறுத்தது. ஒரே ஒரு பெண்ணுக்காக ஏற்பாடுகள் செய்ய முடியாதாம். கிறிஸ்டிசனுக்குப் புலத்திலும் இடம், செனட்டிலும் இடம், ஆட்சிமன்றத்திலும் இடம். கீழே தோற்ற வாதத்தை மேலே போய் ஜெயிக்கிற வசதி எத்தனை பேருக்குக் கிடைக்கும்?

சோஃபியா பின்வாங்குகிறவள் இல்லை. ஒரு பெண்ணுக்காக முடியாது என்றால் பல பெண்கள் வருகிறோம் என்றாள். அந்த வருடம் முடிவதற்குள் ஐந்து பேர் பதிவு செய்துவிட்டார்கள். பிறகு அது ஏழானது: சோஃபியா ஜெக்ஸ்-பிளேக், ஈடித் பீச்சி, இசபெல் தார்ன், மடில்டா சாப்ளின், ஹெலன் எவன்ஸ், மேரி ஆண்டர்சன், எமிலி போவெல். பிரிட்டனில் பல்கலைக்கழகம் ஒன்றில் பதிவு செய்த முதல் பெண் மாணவர்கள் இவர்கள்தான்.

அனுமதி கொடுத்த விதத்தைப் பாருங்கள். பெண்களுக்குத் தனி வகுப்பு. அந்தத் தனி வகுப்பை நடத்தப் பேராசிரியர்களுக்கு அனுமதி உண்டு, கட்டாயம் இல்லை. ஆண்கள் கட்டுவதைவிட அதிகக் கட்டணத்தைப் பெண்கள் கட்ட வேண்டும். கதவைத் திறந்துவிட்டு வாசற்படியை ஆளுயரத்துக்குத் தூக்கிக் கட்டுகிற வேலை இது. இன்றும் பல நிறுவனங்கள் நமக்கு இப்படித்தான் இடம் தருகின்றன.

1870இல் வேதியியல் தேர்வு நடந்தது. சான்று வேண்டுமானால் இதோ சான்று. பெண்களில் நான்கு பேர் சிறப்புத் தகுதி பெற்றார்கள். முதல்முறை தேர்வு எழுதியவர்களில் ஈடித் பீச்சி முதலிடம். அதற்கு ஒரு பரிசு உண்டு. ஹோப் ஸ்காலர்ஷிப் என்று பெயர். அதைப் பீச்சிக்குக் கொடுக்காமல், அவளுக்கு அடுத்து வந்த ஆணுக்குக் கொடுத்தார் வேதியியல் பேராசிரியர். பெண்கள் வேறு மணி நேரத்தில் படித்ததால் அவர்கள் அந்த வகுப்பைச் சேர்ந்தவர்கள் ஆக மாட்டார்களாம். தனி வகுப்பில் உட்கார் என்று சொன்னதும் அவர்களே. தனியாக உட்கார்ந்ததால் பரிசு கிடையாது என்று சொன்னதும் அவர்களே.

இந்த ஹோப் ஸ்காலர்ஷிப்புக்குப் பணம் எங்கிருந்து வந்தது என்று தெரிந்தால் வயிறு எரியும். தாமஸ் ஹோப் என்ற பழைய வேதியியல் பேராசிரியர் 1820களில் எடின்பரோ சீமாட்டிகளுக்கு வேதியியல் சொற்பொழிவுகள் நடத்தினார். கூட்டம் அலைமோதியது. அந்த வருமானத்தில் ஏற்படுத்தியதுதான் இந்தப் பரிசு. கேட்டுக் கற்றுக்கொள்ளப் பெண்கள் கொடுத்த காசு, தேர்வில் முதலிடம் வந்த பெண்ணுக்கு மறுக்கப்பட்டது.

அந்த வருட நவம்பர் 18 அன்று உடற்கூறியல் தேர்வு எழுத அறுவை மருத்துவர் மன்றத்துக்கு வந்த பெண்களை ஒரு கும்பல் வழிமறித்தது. சேற்றை வாரி எறிந்தார்கள். வாசல் கதவை முகத்துக்கு நேரே அறைந்து சாத்தினார்கள். உள்ளே தேர்வு நடக்கும்போது ஓர் ஆட்டைப் பிடித்து அறைக்குள் தள்ளிவிட்டார்கள். பாடம் நடத்திய ஹாண்டிசைட் அசரவில்லை. ஆடு உள்ளேயே இருக்கட்டும், அதை அனுப்பியவர்களைவிட அதற்குப் புத்தி அதிகம் என்று சொல்லித் தேர்வைத் தொடர்ந்தார்.

கும்பலின் முன்னணியில் நின்று கெட்ட வார்த்தை பேசியவர்களில் ஒருவன் கிறிஸ்டிசனின் வகுப்பு உதவியாளன் என்று, 1871 ஜனவரியில் மருத்துவமனை நன்கொடையாளர் கூட்டத்தில் சோஃபியா எழுந்து சொன்னாள். அவன் குடித்திருந்தான் என்பதையும் சேர்த்துச் சொன்னாள். அந்தக் கூட்டத்தில் கிறிஸ்டிசனும் இருந்தார். தம் உதவியாளன் தெருவில் பெண்களைப் பார்த்து என்ன பேசினான் என்பதைவிட, ஒரு பெண் சபையில் ‘குடி’ என்ற சொல்லை உச்சரித்ததுதான் அவரை உறுத்தியது. அந்த உதவியாளன் அவதூறு வழக்குப் போட்டான். ஜெயித்தான். நஷ்ட ஈடாக நீதிமன்றம் கொடுத்தது ஒரு ஃபார்த்திங், அதாவது ஒரு பென்னியில் கால் பங்கு. அவன் மானத்தின் விலை அவ்வளவுதான் என்று ஜூரிகள் சொன்னதாக வைத்துக்கொள்ளலாம். ஆனால் வழக்குச் செலவு 900 பவுண்டுக்கு மேல் சோஃபியாவின் தலையில் விழுந்தது. ஊர்மக்கள் நன்கொடை திரட்டிக் கட்டினார்கள்.

அதற்குப் பிறகும் பல்கலைக்கழகம் ஒரு ‘சமரசம்’ முன்வைத்தது. பட்டம் கேட்காமல் இருந்தால் தேர்ச்சிச் சான்றிதழ் தருகிறோம். 1858ஆம் ஆண்டு மருத்துவச் சட்டத்தின்படி அந்தச் சான்றிதழை வைத்துக்கொண்டு மருத்துவராகப் பதிவு செய்ய முடியாது. சுவரில் மாட்டிக்கொள்ளலாம். பெண்கள் நீதிமன்றம் போனார்கள். 1872இல் கிஃபோர்ட் பிரபு அவர்கள் பக்கம் தீர்ப்புச் சொன்னார். 1873இல் மேல் அமர்வு, நெருங்கிய பெரும்பான்மையில் அதைப் புரட்டிப் போட்டது. பெண்களைச் சேர்த்துக்கொண்டதே பல்கலைக்கழகம் அதிகாரம் மீறிச் செய்த காரியம் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். நான்கு வருடப் படிப்பும் கட்டணமும் சேறும் வீண்.

இந்த இடத்தில் ஒரு குரல் எழும் என்று எனக்குத் தெரியும். கிறிஸ்டிசனைப் பற்றி நான் பேசிய அரங்குகளில் எல்லாம் அது எழுந்திருக்கிறது. சில சமயம் பெண்களிடமிருந்தே எழுந்திருக்கிறது. “அவர் அந்தக் காலத்து மனிதர், இன்றைய அளவுகோலால் அவரை அளக்கலாமா?”

சரி, அந்தக் காலத்து அளவுகோலாலேயே அளப்போம். அதே பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியப் பேராசிரியராக இருந்த டேவிட் மேசன், பெண்களைப் பொது வகுப்பில் சேர்க்க வேண்டும் என்று வாதாடினார். அவர் எந்தக் காலத்து மனிதர்? பெண்களுக்காக வாரக்கணக்கில் எழுதிய ‘ஸ்காட்ஸ்மன்’ நாளிதழின் ஆசிரியர் அலெக்சாண்டர் ரஸ்ஸல்? அவர்களுக்கு அறுவைச் சிகிச்சை கற்பித்த பாட்ரிக் ஹெரான் வாட்சன்? ஆட்டை உள்ளேயே இருக்கச் சொன்ன ஹாண்டிசைட்? தீர்ப்பெழுதிய கிஃபோர்ட் பிரபு? எல்லோரும் அதே ஊர், அதே குளிர், அதே மகாராணி. 1869இல் புலமும் செனட்டும் ‘சரி’ என்றுதானே வாக்களித்தன? காலம் ‘சரி’ என்று சொன்னது. காலத்தைத் தடுத்து நிறுத்தியவர்களில் முதல்வர் கிறிஸ்டிசன். அவரைக் காலத்தின் கைதி என்று சொல்வது, கைதியையும் காவலாளியையும் குழப்பிக்கொள்வது.

இன்னொரு ஸ்காட்லாந்துக்காரரைச் சொல்கிறேன். இவரை நமக்குக் கொஞ்சம் தெரிந்திருக்க வேண்டும். எட்வர்ட் பால்ஃபர். மான்ட்ரோஸ் ஊரில் பிறந்து, எடின்பரோவில் மருத்துவம் படித்து, கம்பெனி மருத்துவராகச் சென்னைக்கு வந்தவர். எழும்பூர் அருங்காட்சியகத்தின் முதல் பொறுப்பாளர். 1870களில் சென்னை மாகாணத்தின் தலைமை மருத்துவ அதிகாரி. அவர் விடாமல் முயன்றதால் சென்னை மருத்துவக் கல்லூரி 1875இல் நான்கு பெண்களைச் சேர்த்துக்கொண்டது. அவர்களில் ஒருவர் மேரி ஷார்லீப். பத்து வருடங்கள் கழித்து அவர் தொடங்கியதுதான் திருவல்லிக்கேணியில் நம் பாட்டிமார்கள் ‘கோஷா ஆஸ்பத்திரி’ என்று சொல்லும் மருத்துவமனை. பால்ஃபரைத் தியாகி ஆக்க வேண்டாம். ஆண் மருத்துவரிடம் வராத கோஷாப் பெண்களுக்குப் பெண் மருத்துவர் வேண்டும் என்ற ஆட்சியின் கணக்கும் அதில் இருந்தது. இருந்தாலும் தேதிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1875: சென்னையில் ஓர் எடின்பரோ மருத்துவர் பெண்களுக்குக் கல்லூரியைத் திறக்கிறார். 1875: அதே எடின்பரோவின் இன்னொரு மருத்துவர், பெண்களை வெளியே தள்ளிய இரண்டாவது வருடம், பிரிட்டிஷ் மருத்துவச் சங்கத்தின் தலைவர் நாற்காலியில் உட்காருகிறார். எந்தக் காலம் யாரை எப்படி உருவாக்கியது?

‘அந்தக் காலத்து மனிதர்’ என்ற சாக்கில் இன்னொரு அநியாயமும் இருக்கிறது. அந்தக் காலத்தில் இருந்த பெண்களை அது கணக்கிலேயே எடுத்துக்கொள்வதில்லை. ஈடித் பீச்சியும் அந்தக் காலத்து மனுஷிதான். பெண்ணால் முடியும் என்பது அவளுக்கு 1870லேயே தெரியும். விடைத்தாளில் எழுதிக் காட்டினாள். விடைத்தாளைப் படிக்கத் தெரிந்தவர்தான் கிறிஸ்டிசன். ஒரு காயம் சாவுக்கு முன்னா பின்னா என்று சொல்லும் முன் பிணங்களை அடித்துப் பார்த்தவர். கையெட்டும் தூரத்தில் ஏழு பெண்கள் படித்துக்கொண்டிருந்தபோது, பெண்கள் மருத்துவத்துக்கு ஏற்றவர்கள் அல்லர் என்று சோதித்துப் பார்க்காமலே முடிவுகட்டினார். சோதனைக்கூடத்தையே மூடப் பார்த்தார். அறியாமை என்றால் மன்னிக்கலாம். தெரிந்துகொள்ள மறுத்ததை எந்தக் கணக்கில் வைப்பது?

எதிர்த்தரப்பிலும் எல்லோரும் புனிதர்கள் என்று நான் சொல்லவில்லை. சோஃபியா ஜெக்ஸ்-பிளேக்கிடம் வேலை பார்ப்பது எளிதல்ல. 1886இல் எடின்பரோவில் பெண்களுக்கென்று அவரே மருத்துவப் பள்ளி தொடங்கினார். விதியை மீறி வார்டில் கூடுதல் நேரம் இருந்தார்கள் என்று இரண்டு சகோதரிகளை வெளியேற்றினார். அவர்கள் வழக்குப் போட்டு ஜெயித்தார்கள். எல்சி இங்கிலிஸ் என்ற மாணவி பிரிந்துபோய்ப் போட்டிக் கல்லூரியே தொடங்கிவிட்டார். முதலாம் உலகப் போரில் செர்பியாவில் மருத்துவமனைகள் நடத்திய அதே எல்சி இங்கிலிஸ்தான். சோஃபியாவின் இந்தச் சிடுசிடுப்பு அவரைப் பற்றிய எழுத்துகளில் தவறாமல் வரும். கிறிஸ்டிசன் எழுபெண்களுக்குச் செய்ததோ அவரைப் பற்றிய குறிப்புகளில் ‘கருத்து வேறுபாடு’ ஆகிவிடும். பெண்ணின் குறை என்றால் அது அவளுடைய குணம், ஆணின் கொடுமை என்றால் அது அவருடைய கருத்து.

அவர் விலை எதையும் கொடுக்கவில்லை. பாரனெட் பட்டம், சேறு எறியப்பட்டதற்கு அடுத்த வருடம் வந்தது. விலை கொடுத்தவர்கள் வேறு. சோஃபியாவும் பீச்சியும் 1877இல் சுவிட்சர்லாந்தின் பெர்ன் நகருக்குப் போய் இன்னொரு மொழியில் தேர்வெழுதிப் பட்டம் வாங்கி, டப்ளினில் உரிமம் பெற்றார்கள். மேரி, எமிலி, மடில்டா மூவரும் பாரிஸ் போனார்கள். ஹெலன் படிப்பை முடிக்கவில்லை. இசபெல் தார்ன்தான் என் மனதைவிட்டுப் போகாதவர். 1874இல் சோஃபியா முன்னின்று தொடங்கிய லண்டன் பெண்கள் மருத்துவப் பள்ளியை நடத்த நிதானமான ஓர் ஆள் வேண்டியிருந்தது. அந்தப் பொறுப்பை எடுத்துக்கொண்டு, தான் மருத்துவராகும் ஆசையை விட்டுவிட்டார். அந்தப் பள்ளியிலிருந்து எத்தனையோ பெண்கள் மருத்துவர்களாக வெளியே வந்தார்கள். இசபெல் கடைசிவரை ஆகவில்லை. கிறிஸ்டிசனின் நூற்பட்டியலைப் போல இதற்கும் ஒரு பட்டியல் போட முடியுமா? பார்க்கப்படாத நோயாளிகள், எழுதப்படாத நூல்கள்.

எடின்பரோ 1894இல்தான் பெண்களுக்கு மருத்துவப் பட்டம் கொடுக்கத் தொடங்கியது. அந்த எழுவருக்குக் கொடுத்தது 2019 ஜூலையில். இறந்துபோனவர்களுக்கு மதிப்புறு பட்டம். அவர்கள் சார்பில் இன்றைய மாணவிகள் ஏழு பேர் மேடையேறி வாங்கினார்கள். படத்தில் அந்தப் பிள்ளைகளின் முகங்களைப் பார்த்தபோது எனக்கும் தொண்டை அடைத்தது. ஆனால் 150 வருடத் தாமதத்துக்குக் கைதட்டு வாங்கிக்கொள்வதிலும் ஒரு சாமர்த்தியம் இருக்கிறது. பட்டம் கொடுத்தாகிவிட்டது, கணக்கு நேராகிவிட்டது என்று தோன்றிவிடும். மறுத்தவர் யார், எந்தக் குழுவில் உட்கார்ந்து மறுத்தார், அதற்கு அவருக்கு என்ன கிடைத்தது என்பதையும் அதே மேடையில் வாசித்திருக்கலாம்.

ஈடித் பீச்சி 1883இல் பம்பாய்க்கு வந்தார். பெண்களுக்கும் குழந்தைகளுக்குமான காமா மருத்துவமனையை நடத்தினார். குழந்தை மணத்தை எதிர்த்துப் பேசினார். குழந்தையாக இருந்தபோது கட்டிவைத்த கணவனோடு வாழ மறுத்து நீதிமன்றத்தில் நின்ற ருக்மாபாய்க்கு மருத்துவம் படிக்க ஊக்கம் கொடுத்தவர்களில் அவரும் ஒருவர். ருக்மாபாய் படித்தது இசபெல் தார்ன் நடத்திய அதே லண்டன் பள்ளியில். 1908இல் பீச்சி இறந்த பிறகு, அந்தப் பள்ளியில் அவர் பெயரில் அவருடைய கணவர் ஒரு ஸ்காலர்ஷிப் ஏற்படுத்தினார். 1948 வரை ஆண்டுதோறும் பெண்கள் அதை வாங்கிப் படித்தார்கள்.